எழுபத்திரண்டு கிலோ அக்கா

ஆள் ஏற்றி வானத்தில் ஓடும் மிதவைகளில் ஒன்று, மேலே போனது, இறங்க மாட்டேன் என்கிறதாம். இதை எனக்குச் சொன்னவர் அலுவலகத்தில் பக்கத்து மேசைக்காரர். அவருக்குச் சொன்னது அவர் மனைவி, மனைவிக்குச் சொன்னது அவளுடைய சித்தி மகள். தனியாக ஓட்டிப்போன ஓட்டுநர் ஏதோ ஒரு மொட்டைமாடியில் குதித்துக் காலை உடைத்துக்கொண்டாராம். மிதவை மட்டும் போன வாரத்திலிருந்து மேகத்துக்குள் அலைகிறதாம்.

"உங்க அக்கா வேலை செய்ற பட்டறையில செஞ்சதுதானாமே?" என்றார், காபியை ஊதிக்கொண்டே.

"தெரியலையே" என்றேன். அதற்குப் பிறகு என் காபியைத் தொடத் தோன்றவில்லை.

அக்காவைப் பட்டறையில் யாரும் பேர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. எழுபத்திரண்டு என்றுதான் கூப்பிடுவார்கள். சின்னவர்களுக்கு எழுபத்திரண்டக்கா. அது அவள் எடை. பத்தொன்பது வயதில் வேலைக்குச் சேர்ந்த அன்று எடை பார்த்து, அந்த எண்ணைப் பித்தளை வில்லையில் அடித்துக் கழுத்தில் மாட்டிவிட்டார்கள். இருபத்தாறு வருஷமாகக் குளிக்கும்போதுகூட அதைக் கழற்றியதில்லை.

அவள் வேலையைச் சொன்னால்தான் இது புரியும். மிதவையை மேலே தூக்கும் எடைநீக்கி என்பது வாளி அளவு உருளை. உள்ளே சாம்பல் நிறத் தட்டொன்று சுழலும். சுழலச் சுழல, மேலே இருக்கிற பொருளுக்கு எடை குறையும். எவ்வளவு குறைகிறது என்று தராசு வைத்துப் பார்க்க முடியாது. ஓடுகிற எடைநீக்கிக்குப் பக்கத்தில் எந்தத் தராசும் உண்மை பேசாது, முள் தள்ளாடும். அதனால் எடை தெரிந்த ஓர் ஆள் வெறுங்காலோடு அதன்மேல் ஏறி நிற்க வேண்டும். இரண்டு குதிகாலுக்கும் அடியில் ஒரு துண்டுக் காகிதம். குமிழைக் கொஞ்சம் கொஞ்சமாகத் திருப்பிக்கொண்டே காகிதத்தை இழுப்பார்கள். கிழிந்தால் இன்னும் போதாது என்று அர்த்தம். கிழியாமல் வழுக்கிக்கொண்டு வந்துவிட்டால், நிற்பவரின் எடை முழுக்கப் போய்விட்டது. அந்த இடத்தில் ஒரு கோடு கீறி 72 என்று எழுதுவார்கள். மற்ற கோடுகளெல்லாம் அந்தக் கோட்டிலிருந்து கணக்குப் போட்டு வருபவை.

மற்றவர்கள் நின்றால் அரை நாள் ஆகும். மூச்சு விடுவார்கள், முட்டி ஆடும். அக்கா கம்பம் மாதிரி நிற்பாள். மூன்றாவது இழுப்பில் காகிதம் வந்துவிடும். "வீட்டுல ஒரு நிமிஷம் சும்மா இருக்க மாட்டா, அங்க போய்ச் சிலையா நிக்கிறாளாம். சிலைக்குச் சம்பளம் வேற" என்பார் அவள் புருஷன், என் மாமா.

திங்கட்கிழமைதோறும் எடை பார்க்க வேண்டும் என்பது பட்டறை விதி. மூன்று கிலோவுக்கு மேல் கூடினாலோ குறைந்தாலோ நேராகச் சாமான் அறைக்கு மாற்றிவிடுவார்கள். அறுபத்தொன்று என்று ஒருவர் இருந்தார். காய்ச்சலில் இளைத்தார். அடுத்த திங்கட்கிழமை முதல் ஆணி எண்ணிக்கொண்டிருக்கிறார். இன்னமும் எல்லோரும் அவரை அறுபத்தொன்று என்றுதான் கூப்பிடுகிறார்கள். அதுதான் அவரால் தாங்க முடியவில்லை என்பாள் அக்கா.

ஆனால் அக்கா விஷயத்தில் அந்த விதியை யாரும் நினைக்கவே இல்லை. பதிவேட்டுக்காரர் அவளைப் பார்த்ததும் எழுதிவிடுவார். "எழுபத்திரண்டை நிறுத்திப் பார்த்து எழுபத்திரண்டுனு எழுதணுமா?" என்று சிரிப்பாராம். அவளும் கூடச் சிரிப்பாளாம்.

போன வருஷம் முட்டிவலி வந்து நடையை நிறுத்தினாள். இரண்டு மாதத்துக்கு முன்னால் கைபேசித் திரையில் பார்த்தபோது முகம் உருண்டிருந்தது. "என்னக்கா, கன்னத்துல ஏதாவது அடக்கி வச்சிருக்கியா?" என்றேன். சிரித்தாள். பிறகு கதவைச் சாத்திவிட்டு வந்து, "யார்கிட்டயும் சொல்லித் தொலைக்காதே" என்றாள். நான் சொல்லவில்லை. நல்ல தம்பி என்று என்னையே மெச்சிக்கொண்டேன்.

இன்னொரு விதியும் உண்டு. கோடு போட ஏறி நின்றவர்தான் அந்த எடைநீக்கி பொருத்திய மிதவையின் முதல் ஓட்டத்தில் உட்கார வேண்டும். இன்று காலை ஒன்பது மணிக்கு அக்காவுக்கு ஒன்று. நேற்று அவளே சொன்னாள்.

நான் இருப்பது வெளிநாட்டில். அங்கே, அக்கா ஊரில், எட்டரை ஆகியிருந்தது. அவளுக்குப் போன் போட்டேன், எடுக்கவில்லை. மாமாவைக் கூப்பிட்டேன்.

"அவ அப்பவே கிளம்பிட்டாளே. என்ன அவசரம்?"

"மாமா, அக்கா இப்ப எத்தனை கிலோ?"

"டேய், பொண்டாட்டி எடையைச் சொல்லிட்டு எவனாவது நிம்மதியா இருந்திருக்கானா?"

"விளையாடாதீங்க மாமா. சொல்லுங்க."

"எழுபத்தெட்டு. நேத்து ஏறி நின்னா. பார்த்துட்டு மிஷினைக் கட்டிலுக்கு அடியில காலால தள்ளிட்டா. ஏன்டா?"

எழுபத்தெட்டு கிலோவுக்குத்தான் காகிதம் வழுக்கியிருக்கிறது. கோட்டில் எழுதியிருப்பது எழுபத்திரண்டு. அப்படியானால் ஆயிரம் கிலோ தூக்கு என்றால் அந்த எடைநீக்கி ஆயிரத்து எண்பது தூக்கும். ஆள் நிறைய ஏறினால் தெரியாது. முதல் ஓட்டத்தில் ஓட்டுநரும் அக்காவும் மட்டும்தான். இறங்க வேண்டுமென்றால் மிதவை கொஞ்சமாவது கனமாக இருக்க வேண்டும். அந்தக் கொஞ்சத்தையும் இந்த ஆறு கிலோ விழுங்கிவிடும். குமிழைக் கடைசிக் கோட்டுக்குக் கீழே திருப்பவும் முடியாது. கைதவறித் திருப்பி மிதவை கீழே விழக் கூடாதென்று பூட்டியிருப்பார்கள். மேலேயே நின்றுவிடுவதைப் பற்றி யாரும் யோசிக்கவில்லை.

மாமாவிடம் சொன்னேன். பாதியிலேயே அவருக்குப் புரிந்துவிட்டது. செருப்பைத் தேடும் சத்தம் கேட்டது.

"ஓடினாலும் முக்கால் மணி நேரம் ஆகுமேடா. நீ பட்டறைக்குப் போன் போடு."

"போட்டா அவ வேலை போயிடும் மாமா."

"போடுடா!"

அப்போதும் அக்காவுக்குத்தான் போட்டேன். ஒன்று, இரண்டு, மூன்று தடவை. வேலைக்கு நிற்பவர்கள் கைபேசியைப் பெட்டியில் போட்டுப் பூட்டிவிட்டுத்தான் போக வேண்டும் என்பது எனக்குத் தெரியும். தெரிந்தேதான் போட்டேன். அவளே எடுத்தால், அவளே ஏதாவது சாக்குச் சொல்லி ஏறாமல் இருந்துவிட்டால், யாருக்கும் எதுவும் தெரிய வேண்டியதில்லை. நாளைக்கும் அவள் எழுபத்திரண்டுதான்.

அங்கே எட்டு ஐம்பத்து நான்கு.

ஒரு நிமிஷம் அந்த எண்ணையே பார்த்துக்கொண்டிருந்தேன். பிறகு பதிவேட்டுக்காரரைக் கூப்பிடப் பட்டறையின் எண்ணைத் தேடி எடுத்தேன். என்ன சொல்வதென்று ஒருமுறை சொல்லிப் பார்த்துக்கொண்டேன். ஐயா, நான் எழுபத்திரண்டோட தம்பி பேசறேன். இல்லை, அப்படி ஆரம்பிக்கக் கூடாது. எழுபத்தெட்டு, ஐயா. அவளை ஏறவிடாதீங்க.

அழுத்தினேன். பக்கத்து மேசைக்காரர் என்ன என்பது போலத் தலையை அசைத்தார். பட்டறை வாசலில் சுவரோடு பொருத்திய பழைய தொலைபேசி அது. அதன் மணி இயந்திரச் சத்தத்தில் கேட்காது, யாராவது அந்தப் பக்கம் கடந்து போனால்தான் உண்டு என்று அக்கா ஒருமுறை சொல்லியிருந்தாள்.

மணி போய்க்கொண்டே இருக்கிறது.