சம்மதம் கேட்டு வந்த படகுக்காரி

என் மகன் கட்டிக்கொள்ள ஆசைப்பட்ட பெண்ணுக்குப் படகு ஓட்டுவதுதான் வேலை என்று தெரிந்ததும் என் நாத்தனார் முந்தானையால் வாயை மூடிக்கொண்டு சிரித்தாள். அமெரிக்கா அமெரிக்கா என்று பீற்றிக்கொண்டதற்குக் கடைசியில் ஓடக்காரிதான் கிடைத்தாளா என்று கேட்டாள். உன் மகன் ஓட்டுகிற ஷேர் ஆட்டோவைவிடப் படகு ஒன்றும் மட்டமில்லை என்று நானும் திருப்பிக் கொடுத்தேன். வாய்தான் அப்படிச் சொன்னதே தவிர, உள்ளுக்குள் எனக்கும் கடுப்புத்தான்.

நாங்கள் தியாகதுருகத்துக்குப் பக்கத்தில் கரும்பு வைக்கிற குடும்பம். வெட்டியதை மூங்கில்துறைப்பட்டு ஆலைக்கு ஏற்றிவிடுவோம். என் வீட்டுக்காரர் அதைத் தாண்டி வெளியூர் போனதெல்லாம் கல்யாணம், சாவு என்றால்தான். பேச்சும் கம்மி. குழம்பில் உப்பு இல்லையென்றால் அதைச் சொல்லக்கூட மாட்டார், தட்டை லேசாகத் தள்ளி வைப்பார். மகன் போனில் கல்யாண விஷயத்தைச் சொன்னபோது ஆகட்டும் என்றும் சொல்லவில்லை, கூடாது என்றும் சொல்லவில்லை. போனை என் கையில் கொடுத்துவிட்டு மோட்டார் போடப் போய்விட்டார்.

அதற்கப்புறம்தான் அந்தப் பெண்ணே பத்து நாள் லீவு போட்டுக்கொண்டு மகனோடு கிளம்பி வந்தாள். ஹவாய்த் தீவுக்காரி. அமெரிக்காவைச் சேர்ந்ததுதான் என்றாலும் அந்தத் தீவுகள் நடுக்கடலில் தனியாகக் கிடக்கின்றன, அங்கே இருப்பவர்களுக்குத் தனி பாஷை, தனி முறை. கேட்காமல் எதிலும் கால் வைக்கக் கூடாது என்பது அவர்கள் முறையாம். ஒரு வீட்டுக்குப் போனால் வாசலில் நின்று பாட்டாகக் குரல் கொடுப்பார்கள். உள்ளே இருக்கிற பெரியவர் பதில் குரல் கொடுத்த பிறகுதான் படி ஏறுவார்கள். கல்யாணத்துக்கும் அப்படித்தான், என் வீட்டுக்காரர் தன் வாயால் சரி என்று சொன்னால்தான் தாலி, இல்லாவிட்டால் கிடையாது என்று மகனிடம் கண்டிப்பாகச் சொல்லியிருந்தாள். நம் ஊர்ப் பிள்ளைகளே ரிஜிஸ்டர் ஆபீசில் கையெழுத்துப் போட்டுவிட்டு வாட்ஸ்அப்பில் போட்டோ அனுப்புகிற காலம் இது. யாரும் கேட்காத சம்மதத்தைக் கேட்டுக்கொண்டு ஒருத்தி கடல் தாண்டி வந்தாள் என்றதும் என் கடுப்பில் பாதி இறங்கிவிட்டது.

நல்ல உயரம், தோள் இரண்டும் மூட்டை தூக்குகிறவனுக்கு இருப்பதுபோல் இருந்தன. வந்த அன்றே வயலுக்குப் போய் ஒரு கரும்பை ஒடித்துப் பல்லால் உரித்துத் தின்றாள். அவள் பாட்டன் பூட்டன் எல்லாம் அந்தத் தீவில் கரும்புத் தோட்டத்தில் கூலிக்கு இருந்தவர்களாம். கரும்புச் சோகை கையைக் கிழித்துவிடும் என்று நான் சொல்வதற்கு முன்னால் அவளே சட்டைக் கையை இறக்கி விட்டுக்கொண்டாள். என் வீட்டுக்காரர் வரப்பில் நின்று இதைப் பார்த்தார். 

அவள் வேலை என்ன என்பதை போனில் படம் காட்டி விளக்கினாள். ஊர் பார்க்க வருகிறவர்களைப் படகில் கூட்டிப்போவது. நம் படகுபோல் இல்லை. ஒடுக்கமாக, ரொம்ப நீளமாக, ஒரு பக்கம் மட்டும் இரண்டு மரக்கைகளை நீட்டி அவற்றின் நுனியில் ஒரு மிதவையைக் கட்டியிருக்கிறது. அலை புரட்டினாலும் அந்த மிதவை படகைக் கவிழ விடாது. ஒருத்தர் பின்னால் ஒருத்தராக உட்கார்ந்து துடுப்புப் போட வேண்டும். கடைசியில் உட்கார்ந்து திருப்புவது இவள். ஏறுவதற்கு முன்னால் எல்லாரையும் கரையில் நிறுத்தி, உங்கள் ஊர் மலை எது, நீங்கள் குடிக்கிற தண்ணீர் எது என்று கடலுக்குச் சொல்லச் சொல்வாளாம். படகை யாரும் தாண்டக் கூடாது, சுற்றித்தான் போக வேண்டும். இதை மகன் தமிழில் சொன்னபோது என் வீட்டுக்காரர் பல் குத்துவதை நிறுத்திவிட்டு நிமிர்ந்து பார்த்தார். எங்கள் வீட்டில் நுகத்தடியை யாராவது தாண்டினால் அவருக்குக் கண்மண் தெரியாத கோபம் வரும். நுகத்தடிக்கு வேலை போய் டிராக்டர் வந்த பிறகும் அப்படித்தான்.

இனி ஒரு வார்த்தை சொல்லிவிடுவார் என்று நான் காத்திருந்தேன். கல்லுப் பிள்ளையார்கூட வாய் திறப்பார் போலிருந்தது, இவர் திறக்கவில்லை.

இரண்டு நாள் கழித்து அவள் என்னோடு தியாகதுருகத்துக்கு வந்து உதிரிச் சம்பங்கி வாங்கினாள். வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்து நீள ஊசியில் கோக்க ஆரம்பித்தாள். நாம் பூவைக் கட்டுவோம், அவர்கள் கோக்கிறார்கள். கோக்கும்போது பேச மாட்டேன் என்று ஜாடை காட்டினாள். மனசில் என்ன நினைக்கிறோமோ அது பூவுக்குள் போகும் என்பது அவர்கள் நம்பிக்கை என்று மகன் பிறகு சொன்னான். மதியம்வரை முதுகு நிமிராமல் அவள் கோத்ததைப் பார்க்க எனக்கே பொறாமையாக இருந்தது. எனக்கு அந்தப் பொறுமை சுட்டுப் போட்டாலும் வராது.

என் வீட்டுக்காரர் வயலிலிருந்து வந்து கைகால் கழுவியதும், போடலாமா என்று ஜாடையால் கேட்டுக்கொண்டு முன்னால் போய் நின்று, இரண்டு கையாலும் அந்த மாலையை அவர் கழுத்தில் போட்டாள். மாலை போட்டுக் கன்னத்தில் முத்தம் கொடுப்பதும் அவர்கள் முறையாம். அது மட்டும் வேண்டாம் தாயே என்று நான் மகனிடம் முன்னாலேயே சொல்லி வைத்திருந்தேன். அவர் கும்பிட்டார். உடனே மாலையைக் கழற்றிக் கண்ணில் ஒற்றி என் கையில் கொடுத்தார். எனக்கும் ஒன்று கோத்துப் போட்டாள், அதை நானும் அப்படியே கழற்றினேன். இரண்டையும் வாடாமல் இருக்கட்டும் என்று ஜன்னல் பக்கம் மாட்டிவிட்டுச் சோறு போடப் போனேன். மாலையைப் போட்டபடி உட்கார்ந்திருப்பது மூன்று பேர்தான், சாமி, மாப்பிள்ளை, பிணம். மரியாதை தெரிந்த மற்றவர்கள் யாராக இருந்தாலும் போட்ட உடனே கழற்றுவார்கள்.

அவள் அன்று சாப்பிடவில்லை. வெயில் ஒத்துக்கொள்ளவில்லை போல என்று நினைத்து நான் மோர் கரைத்துக் கொடுத்தேன். அதையும் கையில் வைத்துக்கொண்டே இருந்தாள்.

கள்ளக்குறிச்சிக்குப் போயிருந்த மகன் சாயங்காலம் திரும்பி வந்தான். அவளோடு பேசிவிட்டு நேராக அடுப்படிக்கு வந்தான். முகம் சிவந்திருந்தது. டிக்கெட்டை முன்னாடி மாற்றிக்கொண்டு நாளைக்கே கிளம்புகிறோம் என்றான். எனக்கு ஒன்றும் புரியவில்லை.

"அப்பா மூஞ்சிக்கு நேரா மாலையக் கழட்டிட்டாராமே. புடிக்கலன்னா வாயால சொல்லிட்டுப் போலாம்ல."

அவர்கள் தீவில் போட்டவர் எதிரிலேயே மாலையைக் கழற்றினால் உன் அன்பும் வேண்டாம் நீயும் வேண்டாம் என்று அர்த்தமாம். அப்பாவிடமிருந்து ஒரு பதிலும் வராத ஏக்கத்தில் இருந்த இவனும் அதுதான் பதில் என்று எடுத்துக்கொண்டுவிட்டான். வெளிநாட்டுக்குப் போனவனுக்கு இதுகூட மறந்துபோகுமா என்று எனக்கு வந்த கோபத்தில் கரண்டியைப் போட்டுவிட்டு, அவன் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு அவளிடம் போனேன். மரியாதை கொடுத்ததால்தான் கழற்றினார், கழற்றாமல் இருந்தால்தான் எங்கள் ஊரில் சிரிப்பார்கள் என்று சொல்லச் சொன்னேன். அவன் சொல்லச் சொல்ல அவள் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். கடைசியில் சிரித்தாள், சிரித்துக்கொண்டே அழுதாள். எனக்கும் கண் கலங்கிவிட்டது. நாங்கள் எங்கள் ஆட்களோடேயே வாழ்ந்துவிட்டோம், எங்கள் முறையை விளக்கிச் சொல்ல வேண்டிய நிலைமை அதுவரை எனக்கு வந்ததே இல்லை.

அப்படியானால் மாமா சரி என்று சொல்வதை எதை வைத்துத் தெரிந்துகொள்வது என்று அவள் கேட்டாள். அது எனக்கே தெரியாதம்மா, தெரிந்தால் எனக்கும் சொல்லு என்றேன்.

 அவள் பக்கத்தில் படகு விடுகிற தண்ணீர் எங்கே இருக்கிறது என்று கேட்டாள்.

மறுநாள் படகு விடுகிற ஏரி இருக்கும் கல்வராயன் மலைக்குக் கிளம்பினோம். என் வீட்டுக்காரர் தண்ணீர் பாய்ச்ச வேண்டும் என்று இழுத்தார். வர்றீங்களா, இல்ல நான் வூட்டப் பூட்டிக்கினு எங்கண்ணன் வூட்டுக்குப் போவட்டுமா என்று கேட்டேன். சட்டையை மாட்டிக்கொண்டு வந்து காரில் உட்கார்ந்தார். மலையேறும்போது வளைவுக்கு வளைவு எனக்குக் குமட்டியது. எலுமிச்சம்பழத்தை முகர்ந்துகொண்டே கரியாலூர் போய்ச் சேர்ந்தேன்.

வார நாள் என்பதால் ஏரியில் கூட்டமில்லை. துடுப்புப் போடுகிற படகு ஒன்று கிடைத்தது. படகுக்காரர் தானும் ஏறுவேன் என்றார், துடுப்புகளை மட்டும் எங்களிடம் கொடுத்தார். அவள் செருப்பைக் கழற்றிவிட்டுக் கரையில் நின்று தன் பாஷையில் நீளமாக ஒன்று பாடினாள். அந்தக் குரல் வயிற்றிலிருந்து வந்தது. தன் மலையையும் தன் கடலையும் சொன்னாளாம். அப்புறம் திரும்பி என் வீட்டுக்காரரைப் பார்த்தாள். மகன் தயங்கித் தயங்கி, நீங்களும் உங்கள் மலையையும் தண்ணீரையும் சொல்ல வேண்டுமாம் என்றான். இவராவது சொல்வதாவது என்று நான் வேறு பக்கம் பார்த்துக்கொண்டேன்.

அவர் ஏரியைப் பார்த்துக் கும்பிட்டார். "இந்த மலைல பேயற மழதான் மணிமுத்தாத்துல எறங்கி எங்க கெணத்துக்கு வருது. அதக் குடிச்சித்தான் கரும்பு வளருது, நாங்களும் வளந்தோம்," என்றார்.

அவர் அத்தனை வார்த்தையைச் சேர்த்துப் பேசி நான் கேட்டதே அபூர்வம். படகுக்காரர்கூடக் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

முன்னால் உட்காருகிறவர் போடுகிற வேகம்தான் படகின் வேகம், பின்னால் இருப்பவர்கள் அவர் முதுகைப் பார்த்துத்தான் போட வேண்டும் என்பது அவள் தொழிலில் சட்டம். அவரை முன்னால் உட்கார வைத்தாள். அவருக்குப் பின்னால் மகன், நடுவில் நானும் படகுக்காரரும், கடைசியில் அவள். என் வீட்டுக்காரர் மண்வெட்டியால் மடை வெட்டுவதுபோல் துடுப்பை ஓங்கி ஓங்கிப் போட்டார். படகு செக்குமாடு மாதிரி சுற்றியது. நான் பலகையைப் பிடித்துக்கொண்டு மலைச்சாமி கரியராமரைக் கூப்பிட்டேன். அவள் ஒரு தடவைகூட அப்படி இல்லை, இப்படி என்று சொல்லவில்லை. அவர் எந்தப் பக்கம் இழுத்தாலும் பின்னாலிருந்து தன் துடுப்பை லேசாகச் சாய்த்து அதைச் சரி செய்துகொண்டே வந்தாள். பக்கம் மாற்றுவதற்கு மட்டும் ஒரு சின்னக் குரல் கொடுப்பாள். இப்படி எத்தனை ஊர்க்காரர்களை, எத்தனை முரடர்களை அவர்களுக்கே தெரியாமல் கரை சேர்த்திருப்பாள் என்று நினைத்து நான் மலைத்துப்போனேன். நாத்தனார் இதைப் பார்க்க வேண்டும் என்று ஆசையாக இருந்தது.

கொஞ்ச நேரத்தில் அவருக்குக் கை படிந்துவிட்டது. அவர் குனியும்போது மகன் குனிந்தான், நிமிரும்போது நிமிர்ந்தான். இரண்டு பேருக்கும் ஒரே மாதிரி முதுகு என்று அன்றைக்குத்தான் பார்த்தேன். சந்தோஷத்தில் எனக்குக் குமட்டல்கூட நின்றுவிட்டது.

ஏரி நடுவில் அவர் துடுப்பை மடியில் வைத்தார். மற்ற இரண்டு பேரும் நிறுத்தினார்கள். திரும்பிப் பார்க்காமலே மகனிடம் கேட்டார்.

"அவங்க அப்பா இருக்காரா?"

"இருக்கார்ப்பா."

"அவருகிட்ட நம்ம பக்கத்துலருந்து யார்னா பேசினாங்களா?"

இல்லை என்றான் மகன். அவர் தண்ணீரைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். இப்போதும் இவர் ஒன்றும் சொல்ல மாட்டார், அவள் ஏமாந்துதான் ஊருக்குப் போகப்போகிறாள் என்று நினைத்தேன்.

"பொண்ணு கேட்டுக்கினு புள்ள வூட்டுக்காரன்தான்டா போவணும். அதுதான் மொற. அந்தப் பொண்ணு இவ்ளோ தூரம் வந்து நம்ம வாசல்ல நின்னுக்கினு கேக்குது. நான் குந்தன எடத்துலருந்து சரின்னு சொன்னா அவரு இன்னா நெனைப்பாரு நம்மள?"

 போனை என் கையில் கொடுத்துவிட்டு மோட்டார் போடப் போன நாளிலிருந்து இந்த மனுஷன் வெட்கப்பட்டுக்கொண்டு இருந்திருக்கிறார். நாங்கள் அதைக் கோபம் என்று நினைத்திருந்தோம்.

"பாஸ்போர்ட்டு கள்ளக்குறிச்சிலயே எடுக்கலாமா, இல்ல வேற எங்கனா போவணுமா?" என்று கேட்டார்.

மகன் முகத்தைத் துடுப்புக் கட்டையில் வைத்துக்கொண்டான். பின்னாலிருந்து அவள் மாமா என்ன சொன்னார் என்று அவனைக் கேட்டாள், திரும்பவும் கேட்டாள். அவன் நிமிரவே இல்லை. நான்தான் பலகையை விட்டுவிட்டுத் திரும்பி, அவளுக்குப் புரியுமா புரியாதா என்றுகூடப் பார்க்காமல் தமிழிலேயே சொன்னேன்.

"உங்கப்பாகிட்ட சொல்லி வையிம்மா. மாமா பொண்ணு கேக்க வர்றாரு."