இரண்டு இடத்தில் வைக்கச் சொன்ன யசோ அக்கா

யசோ அக்கா மோசம் போய்விட்டார், உயிர் போய்விட்டது என்று அவருடைய தங்கை தொலைபேசியில் சொன்னபோது நான் தர்மபுரச் சந்தையில் மரக்கறி வாங்கிக்கொண்டு நின்றேன். அவருக்கு நோய் முற்றியது தெரிந்திருந்தும், வாங்கியதை அங்கேயே விட்டுவிட்டு வந்தேன். முப்பத்தோராம் நாளுக்கு வெளியிடும் நினைவுக் கல்வெட்டுப் புத்தகத்தில் அவரைப் பற்றி எழுதச் சொல்லித் தங்கை கேட்டார். எழுதுகிறேன். நல்லதை மட்டும் எழுத என்னால் முடியவில்லை.

கிளிநொச்சியில் நாங்கள் இருவரும் கேம் கடை நடத்தியதை நீங்கள் அறிவீர்கள். ரீவியில் கொளுவி விளையாடும் பழைய மெசின்கள். சீடி இறுவட்டுகள் புழுதியில் கீறுப்பட்டுவிடும் என்பதால் எல்லாவற்றையும் ஹாட் டிஸ்க்கில் பிரதி எடுத்து வைப்போம். அக்காவுக்கு எதற்கும் இரண்டு பிரதி வேண்டும். ஒன்று கடையில், மற்றது என் வீட்டில்.

"இவ்வளவு பயமோ அக்கா?" என்று ஒருமுறை பகிடி விட்டேன்.

"ஷெல்லடிக்கேக்க ஒரே பங்கருக்குள்ள எல்லாரையும் இருத்தினால் என்ன நடக்குமெண்டு எனக்குத் தெரியும்" என்றார்.

அந்தப் பிரதிகளுக்குள் அவருடைய தம்பி வசந்தன் விளையாடிச் சேமித்த உதைபந்தாட்டமும் இருந்தது. போர் முடிந்து அகதி முகாமிலிருந்து வந்த வருடம், அதில் தானே ஒரு அணி உருவாக்கி, தன் வகுப்பில் திரும்பி வராத பதினொரு பெடியளின் பெயர்களை ஆட்டக்காரர்களுக்கு வைத்திருந்தான். பிறகு வெளிநாட்டுக்கென்று படகேறிப் போனான். இன்றுவரை தகவல் இல்லை.

"அவன் வந்து கேட்டால் குடுக்கோணும்" என்பார் அக்கா. வேறெதை அழித்தாலும் அதில் கை வைக்க விடமாட்டார்.

ஒருநாள் புதுக் கேம்கள் ஏற்ற அவசரம். என் வீட்டு டிஸ்க்கை மெசின் வாசிக்கவில்லை. கடையில்தான் மற்றது கிடக்கிறதே என்று, அதை வாசிக்க வைக்க முன்பின் யோசிக்காமல் முழுவதையும் அழித்துவிட்டேன். கடை டிஸ்க்கிலிருந்து திரும்பப் பிரதி எடுக்கப் பஞ்சிப்பட்டு, சோம்பலில் நாளைக்கு நாளைக்கு என்று விட்டேன். அந்த மாரியில் கடைக்குள் வெள்ளம் ஏறி அக்காவின் டிஸ்க் பழுதாகிப் போனது.

மறுநாள் சேற்றுக் காலோடு, சிரித்துக்கொண்டு வந்தார். "பாத்தீரே, உம்மட வீட்டில வைச்சது நல்லதாப் போச்சு. அது கிடக்குத்தானே?"

"ஓம் அக்கா, கிடக்கு" என்றேன்.

ஐயோ, அந்த ஓம்! அதன்பின் அவர் ஒருநாளும் எடுத்துக்காட்டச் சொல்லவில்லை. என்னை அவ்வளவு நம்பினார். கடைசியாக ஆஸ்பத்திரியில் பார்த்தபோதும் "அது கவனம்" என்றார். பாவி நான், தலையாட்டினேன்.

அந்தப் பதினொரு பெயர்களையும் நான் ஒருநாளும் திறந்து வாசித்ததில்லை. கேட்டு எழுத அக்காவும் இல்லை. அவர் தந்ததில் என்னிடம் மிஞ்சியிருப்பது நான் அழித்த அந்த டிஸ்க் மட்டும்தான். வசந்தன் உயிரோடு வந்து வாசலில் நின்றால், அதைத்தான் நான் அவன் கையில் கொடுக்க வேண்டும்.