தறி ஓடும்போது பேசியது

அம்மாவின் தொண்டையில் கட்டி. குரல்வளையையே எடுத்துவிட வேண்டும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். ஆபரேஷனுக்கு ஒரு வாரம் இருந்தது. அதற்குள் அவளையும் அப்பாவையும் பேச வைத்துவிட வேண்டும் என்று கேமராவைத் தூக்கிக்கொண்டு சங்கரன்கோவிலுக்கு ஓடினேன்.

என் கல்யாணத்தில் இருவருக்கும் தொடங்கிய சண்டை. ஒன்பது வருடமாக நேர்ப்பேச்சு கிடையாது. அம்மா அன்றோடு தறிப்பக்கம் போவதையும் விட்டுவிட்டாள். "சோறு ஆறுதுன்னு உங்கப்பாட்ட சொல்லு" என்று சென்னையில் இருக்கும் எனக்குப் போன் செய்வாள். அப்பா அடுத்த அறையில்தான் இருப்பார்.

நான் செய்வது வீடியோ கலை. முன்பின் தெரியாத இருவரைத் தனித்தனியே பேசவிட்டுப் படம்பிடித்து, எதிரெதிர்ச் சுவர்களில் ஓடவிடுவேன். ஒருவரோடொருவர் மனம்விட்டுப் பேசுவது போலிருக்கும். பார்ப்பவர்கள் கண்கலங்குவார்கள். ஊருக்கெல்லாம் இந்த வித்தை காட்டியவளுக்குச் சொந்த வீட்டில் ஒன்றும் நடக்கவில்லை.

வீட்டை ஒட்டிய விசைத்தறிக் கூடத்தில் இருவரையும் எதிரெதிரே உட்கார வைத்தேன். அம்மாவின் குரல் சுத்தமாகப் பதிவாக வேண்டுமே என்று நான்கு தறிகளையும் நிறுத்தினேன். கால் மணி நேரம் போயிற்று. அம்மா முந்தானையைத் திருகினாள். அப்பா தரையையே பார்த்தார்.

"இன்னும் அஞ்சு நாள்தாம்ப்பா! ஒரு வார்த்தை பேசுங்களேன்," என்று கத்திவிட்டேன். அழுகை வந்துவிட்டது.

"தறிய நிப்பாட்டிட்டுப் பேசுன்னா என்னத்தட்டி பேச? எனக்கு வாயே வர மாட்டேங்கு," என்றார் அப்பா. எழுந்து போய் நான்கையும் ஓட்டிவிட்டார்.

கூடம் அதிர்ந்தது. அப்பா அம்மாவின் முன்னால் வந்து நின்று உதட்டை அசைத்தார். அவளும் அசைத்தாள். அந்த இரைச்சலில் தறிக்காரர்கள் வாயசைவைப் பார்த்துத்தான் பேசிக்கொள்வார்கள். இவர்கள் குடும்பம் நடத்தியதே அப்படித்தான். பத்து வயதில் ஹாஸ்டலுக்குப் போன எனக்கு அது வராது. அரை மணி நேரம் பேசினார்கள். நடுவில் அம்மா என்னைக் காட்டி ஏதோ சொன்னாள். அப்பா கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

ஆபரேஷன் முடிந்துவிட்டது. பதிவில் தறிச் சத்தம் மட்டும் இருக்கிறது. எத்தனை முறை போட்டுப் பார்த்தும் அம்மாவின் குரலில் ஒரு சொல்கூட இல்லை.

"உங்கம்மா உன்னச் சாப்பிடச் சொல்லுதா," என்கிறார் அப்பா. அவள் உதடு அசைந்ததுமே அவருக்குப் புரிந்துவிடுகிறது.

"அன்னைக்கு என்னையக் காட்டி என்னப்பா சொன்னா?"

"அத அவட்டயே கேளு."

போய்க் கேட்டேன். அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு, நிறுத்தி நிதானமாக, வெகுநேரம் சொன்னாள். எனக்கு ஒன்றுமே புரியவில்லை.