தீட்டோடு எழுதிய தேதி

இந்த நினைவு மலரைக் கையில் வாங்கும் உறவினர்களுக்கும் நண்பர்களுக்கும் வணக்கம். எங்கள் தந்தையார் மறைந்து ஓராண்டு நிறைகிறது. அவரைப் பற்றி ஊரில் ஒரு பேச்சு உண்டு. அதை மூடி மறைத்து நாலு நல்ல வார்த்தை மட்டும் எழுத எனக்கு மனம் வரவில்லை.

தந்தையார் செலியமேட்டில், நெல் பயிரிட்ட குடும்பத்தில் பிறந்தவர். பிரெஞ்சு படித்து, வில்லியனூர்ப் பக்கத்துக் கொம்யூன் என்னும் ஊராட்சி அலுவலகம் ஒன்றில் பிறப்பு இறப்புப் பதிவுக் குமாஸ்தாவாக அமர்ந்தார். ஓய்வு பெறும்வரை அதே நாற்காலிதான். கோபக்காரர். குழம்பில் உப்புக் குறைந்தால் இலையைத் தள்ளிவிட்டு எழுந்துவிடுவார். ஆனால் ஆபீஸ் படியேறி வரும் குடியானவர்களிடம் அவர் குரல் உயர்ந்து யாரும் கேட்டதில்லை.

பிள்ளை பிறந்தால் மூன்று நாளுக்குள் பதிய வேண்டும் என்பது சட்டம். நம் ஜனங்களோ தீட்டுக் கழியாமல் சர்க்கார் வாசலை மிதிக்க மாட்டார்கள். பதினோராம் நாள் தலை முழுகிவிட்டுத்தான் வருவார்கள். உள்ளபடி எழுதினால் கோர்ட்டு, அபராதம், புதுச்சேரிக்கு அலைச்சல். தந்தையார் ‘நேற்றுப் பிறந்தது’ என்று எழுதி அனுப்பிவிடுவார். அதற்காக ஒரு வாழைக்காய்கூட வாங்கியதில்லை. நான் பிறந்தபோதும் தீட்டுக் கழிந்த பிறகே போய் எழுதினார். ரிஜிஸ்தரின்படி நான் ஒன்பது நாள் இளையவன்.

ஓய்வு பெற்ற பிறகு அது வெளியே வந்தது. ஒதியம்பட்டு நில வழக்கொன்றில் ஒருவருடைய வயது கேள்வியானபோது, பிரசவம் பார்த்த மருத்துவச்சி சொன்ன நாளும் ரிஜிஸ்தரில் இருந்த நாளும் ஒத்துவரவில்லை. பழைய ரிஜிஸ்தர்களை எல்லாம் புரட்டினார்கள். விசாரணை முடியும்வரை பென்ஷனை நிறுத்தி வைத்தார்கள்.

விசாரிக்க வந்த அதிகாரி ஒரு வழியும் காட்டினார். பெற்றவர்கள் பொய்த் தேதி சொல்லி ஏமாற்றினார்கள் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டால் பென்ஷன் திரும்ப வரும். வழக்கு அவர்கள் மேல் போகும். அம்மா அழுதார். நானும் போட்டுவிடச் சொன்னேன். இதை எழுத வெட்கமாக இருக்கிறது.

“அவங்க உள்ளத உள்ளபடிதான்டா சொன்னாங்க. மாத்தி எழுதினது என் கை. அத அவங்க தலையில எப்படிடா கட்டுறது?” என்றார் தந்தையார். கடைசிவரை கையெழுத்துப் போடவில்லை.

பென்ஷன் நின்ற பிறகும் மூன்று மாதத்துக்கொரு முறை போய், உயிரோடிருப்பதற்கான அத்தாட்சியை வாங்கி வந்து பெட்டியில் வைப்பார். அவர் காப்பாற்றியவர்களில் சிலர், சாட்சிக்கு அழைத்துவிடுவாரோ என்று பயந்து, எதிரே கண்டால் ஒதுங்கிப் போனார்கள். பென்ஷனைவிட அதுதான் அவரை அரித்தது. நெஞ்சுவலியை யாரிடமும் சொல்லாமல் வைத்திருந்து, ஒரு விடியற்காலையில் போய்விட்டார்.

உடல் வாசலில் கிடக்க, நான் இறப்பைப் பதிய ஆபீசுக்கு நடந்தேன். பெரியவர்கள் தடுத்தார்கள். அங்கே தந்தையாரின் நாற்காலியில் இருந்த புதுக் குமாஸ்தா என்னைப் பார்த்ததும் குரலைத் தாழ்த்தினார்.

“இன்னாத்துக்கு தம்பி தீட்டோட வந்த? காரியம் முடிச்சிட்டு வா. நேத்துன்னு எழுதிக்கிறேன்.”

“வேணாம்ணே. எங்கப்பா இன்னிக்குத்தான் செத்தாரு. இன்னிக்குன்னே எழுதுங்க.”

அந்தத் தேதியை வைத்துத்தான் விசாரணைக் கோப்பை மூடினார்கள். இறந்தவர் மேல் நடவடிக்கை இல்லையாம். குற்றம் செய்தார் என்றும் எழுதவில்லை, செய்யவில்லை என்றும் எழுதவில்லை. அம்மாவுக்கு வர வேண்டிய குடும்பப் பென்ஷனும் அதோடு நின்றுபோயிற்று.

கடைசி நாட்களில் கட்டணம் கேட்காமல் வந்து பார்த்த வைத்தியருக்கும், பாடை சுமந்தவர்களுக்கும், அடுப்பெரியாத நாட்களில் சோறு அனுப்பிய அண்டை வீட்டாருக்கும், உள்ள தேதியை எழுதித் தந்த அந்தக் குமாஸ்தாவுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. ஒதுங்கிப் போனவர்கள் மேல் எங்களுக்கு வருத்தம் உண்டு, பகை இல்லை. நான் பிறந்த நாள் எதுவென்று அம்மா சொல்லித் தெரியும். யார் கேட்டாலும் அப்பா எழுதிய நாளைத்தான் சொல்கிறேன்.