அறிக்கையின் கடைசி வரி

நாவலூர் அலுவலகத்தில் அவர் எனக்குப் பக்கத்து மேசை. நாங்கள் வடிவமைத்துத் தரும் அறிக்கைப் படிவங்களை, மென்பொருள் ஏற்கும் கோப்பாகக் கம்பைல் செய்வதுதான் அவர் வேலை. சட்டைப் பையில் எப்போதும் ஒரு ஸ்டீல் ஸ்கேல் இருக்கும். அச்சிட்ட தாளைப் பழைய மாதிரியின் மேல் வைத்து, ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடிப்பார். கோட்டின் மேல் கோடு விழுந்தால்தான் அவருக்குச் சோறு இறங்கும்.

ஒருநாள் ஒரு க்ளையன்ட்டின் மாத அறிக்கையைப் புரட்டிக்கொண்டிருந்தேன். பக்கத்துக்குப் பக்கம் அடியில், ‘இதை யாரும் படிக்க மாட்டாங்க’ என்று இருந்தது.

“என்ன சார் இது?”

“வரி அந்த அகலத்துல அடங்குதான்னு பாக்க டைப் பண்ணேன் சார். எடுக்க மறந்து கம்பைல் பண்ணிட்டேன் போல.”

“எப்போ?”

“போன தீபாவளிக்கு முன்னாடி.”

“அவங்க எம்.டி. வரைக்கும் போற ரிப்போர்ட் சார்! நம்ம ரெண்டு பேர் வேலையும் போயிடும்.”

அன்றே வரியை நீக்கி அனுப்பினோம். மறுநாளே புகார் வந்தது: பழைய ஃபார்மேட்டில் இல்லை, அடியில் ஒரு வரி குறைகிறது, உடனே சரிசெய்யவும்.

அவர் சிரிக்கவில்லை. வரியைத் திரும்பச் சேர்த்து, அச்சிட்டு, ஜன்னலுக்குப் போய் ஸ்கேலை வைத்தார். அப்போது சொன்னது கிண்டலா, கவலையா என்று இன்றுவரை எனக்குப் பிடிபடவில்லை.

“அரை மில்லிமீட்டர் இறங்கியிருக்கு சார். கண்டுபிடிச்சிடுவாங்க.”