மண் தின்ற படம்

கிரேட்டா சும்மா நிற்பார். அதுதான் அவர் தொழில். பெர்லினில் அவர் வீட்டைத் துப்புரவாக்கப் போன முதல் நாள், வெள்ளைத் துணி சுற்றிச் சுவரோரம் அசையாமல் நின்றார். அவர் உடம்பின் மேலேயே ஒரு படம் ஓடியது. என்னமோ ஏதோ என்று தண்ணீர் கொண்டுபோய் நீட்டினேன். சிரித்துவிட்டுக் குடித்தார். கம்பெனி எதுவும் கிடையாது. தானே படம் எடுத்து, தானே கழுவி, அதற்கு முன்னால் தானே நின்று காட்டுகிறவர். ஆட்கள் டிக்கெட் எடுத்து வந்து பார்க்கிறார்கள். எனக்கு விளங்காது. ஆனால் நல்ல மனுஷி.

ஐப்பசியில் அவர் வீட்டுப் பின்பக்கம் இலை கூட்டும்போது ஓரிடத்தில் மண் இளகிக் கிடந்தது. கிளறினேன். ஒரு சுருள் பிலிம். பெட்டிகூட இல்லை. இந்த மனுஷியையும் அடிக்க யாரோ வரப்போகிறார்கள், அவசரத்தில் டின் கிடைக்கவில்லை என்று நினைத்தேன். குழாயடியில் கழுவி, துணிக்கொடியில் கிளிப் போட்டுக் காயவைத்தேன்.

எங்கள் ஆட்களுக்கு அப்படித்தான் நினைக்கத் தெரியும். மாத்தளைக்கு மேலே எங்கள் தோட்டத்தில், எண்பத்து மூன்று ஆடிக் கலவரத்தில், கீழ் லயத்து வீடுகள் எரிகிற புகையைக் கண்டதும் ஆளாளுக்குக் குழி தோண்டினோம். நான் கொக்கோ மரத்தடியில் ஒரு பிஸ்கட் டின்னைப் புதைத்தேன். உள்ளே மகள் செல்வியின் போட்டோ. திருவிழாவுக்கு டவுனில் எடுத்தது. ஒன்றே ஒன்று. காட்டு வழியாக நாவுலப் பக்கம் நடந்தோம். மூன்றாம் நாள் காய்ச்சல். செல்விக்கு நாலு வயது. அங்கேயே மண்ணில் வைத்துவிட்டு, லொறி ஏறி வவுனியாவுக்கு அப்பால் போனோம். தோட்டத்துக்குத் திரும்பவில்லை.

கிரேட்டா கொடியைப் பார்த்ததும் “நைன், நைன்!” என்று கத்தினார். கூடாது என்கிறார்.

“யாருக்குப் பயந்து புதைத்தீர்கள், மேடம்?” தெரிந்த ஜெர்மனில் கேட்டேன்.

“பயமா? மண் தின்னட்டும் என்றுதான் புதைத்தேன், அந்தக் கறைதான் எனக்குப் படம். ஆறு கிழமைதான் ஆகிறது, ஒன்றரை மாதம். ஏன் எடுத்தாய்?”

பிறகு பிலிமை வெளிச்சத்தில் பிடித்தார். கோபம் போய்விட்டது. “ஷோன்” என்றார். அழகு என்று அர்த்தம். லென்ஸைக் கொடுத்து என்னையும் பார்க்கச் சொன்னார். படத்தில் இருந்தது அவர் தங்கச்சியாம். சட்டை தெரிந்தது. முகம் இருந்த இடத்தில் மஞ்சள் கறை. ஆறு கிழமையில்.

நான் வாளியை எடுத்துக்கொண்டு படி துடைக்கப் போனேன்.

அந்த ஞாயிறு, வவுனியாவில் இருக்கும் மனைவி பாக்கியத்துடன் போனில் பேசினேன்.

“சண்ட நின்னு பாதையெல்லாம் தெறந்துட்டாங்க. தம்பியோட போயி டின்ன எடுத்தாந்துரவா?”

“வேணாம் புள்ள.”

“ஏன், எடம் தெரியாதுன்னா? கொக்கோவுக்கும் பலாவுக்கும் வித்தியாசம் தெரியாத ஆளு நீங்கதான்.”

“நான் வாரேன். ரெண்டு பேருமா தோண்டுவோம்.”

“எப்பங்க?”

“இங்க தங்குற விசா கெடைக்கட்டும், இல்லாம வந்தா திரும்ப விட மாட்டாங்க.”

“அவ மூக்கு எனக்கு மறந்துக்கிட்டே வருதுங்க” என்றாள்.

விசா போன மாதம் கிடைத்துவிட்டது. நான் சொல்லவில்லை. பாக்கியத்துக்கு வாசிக்கத் தெரியாது. இதை வாசிக்கிற ஊர்க்காரர் யாரும் அவளிடம் சொல்லிவிட வேண்டாம். நான் இங்கே இருக்கும்வரை, அங்கே மண்ணுக்குள் பிள்ளைக்கு முகம் இருக்கிறது.