கொடிக்கயிற்றில் ஒரு சீருடை

மாலை நாலரை மணிக்கு அக்கா போன் செய்தாள். "மாமா மேல கம்பம் சாஞ்சிருச்சுடா." அதற்கு மேல் புல்டோசர் இயந்திரத்தின் இரைச்சல்தான் கேட்டது. ஆஸ்பத்திரியில் அவர் கண் திறக்கவே இல்லை.

மாமாவின் வாயில் எப்போதும் நாலைந்து துணி கிளிப்புகள் இருக்கும். சண்டை போடும்போதும் எடுக்கமாட்டார். நாங்கள் துணி உலர்த்தும் மைதானத்தைக் கார் நிறுத்துவதற்காக நகராட்சி ஒரு கம்பெனிக்குக் கொடுத்த அன்று, கூட்டத்தில் அவரைப் பேசச் சொன்னார்கள். கிளிப்புகளோடு மைக்கைப் பிடித்தார்.

"ஒரு எழவும் புரியலய்யா!" என்று யாரோ கத்தினார்கள்.

கிளிப்புகளைக் கையில் துப்பிக்கொண்டு, "புரிய என்ன இருக்கு? வெயிலு இங்கதான் விழுது" என்றார்.

சலவைக்காரர்கள் அத்தனை பேரும் கைதட்டினார்கள். எங்கள் சந்துகளில் வெயில் எட்டிப் பார்ப்பதில்லை. மைதானம் போனால் தொழில் போயிற்று.

போராட்டப் பந்தலில் அவருக்கு உட்காரத் தெரியாது. மற்றவர்கள் கோஷம் போட, இவர் பக்கத்தில் துணி உலர்த்திக்கொண்டிருப்பார். "துணி தொங்குற வரைக்கும் எவனும் இதக் காலி இடம்னு சொல்ல முடியாது." காவலுக்கு நின்ற போலீஸ்காரரின் சீருடையும் இன்று காலை அதே கயிற்றில்தான் காய்ந்தது.

"சார், எங்கள அடிக்க வரும்போது கசங்கியிருக்கக் கூடாதில்ல? மொடமொடன்னு கஞ்சி போட்டுத் தர்றேன்."

"வாய மூடுய்யா. மூணாவது பட்டன் தொங்குது, அதத் தைச்சுக் குடு."

"காயட்டும் சார், தைச்சிரலாம்."

அக்காவுக்கு எரிச்சல் வரும். "ஊரான் துணிமேல இருக்கிற அக்கறை நம்ம வீட்டுமேல இருக்கா?"

"நம்ம துணி போனா நீ மட்டும்தான் திட்டுவ. அவங்க துணி போனா ஊரே திட்டும்டி."

இன்று இயந்திரம் வந்தபோது எல்லோரையும் விலகச் சொன்னார்கள். மாமாவும் விலகிவிட்டார். பிறகுதான் கயிற்றைத் திரும்பிப் பார்த்தார். அக்கா கையைப் பிடித்து இழுத்திருக்கிறாள். "விடுடி, அடுத்தவன் துணி" என்று உதறிவிட்டு ஓடினார்.

"யோவ், என் சட்டைதானே, போனாப் போகுது, வாய்யா!" என்று அந்தப் போலீஸ்காரர் தொண்டை கிழியக் கத்தினாராம். கயிறு கட்டியிருந்த கம்பத்தை அதற்குள் இயந்திரம் இடித்துவிட்டது.

அவர் கையிலிருந்ததை ஆஸ்பத்திரியில் ஒரு பையில் போட்டு என்னிடம் கொடுத்தார்கள். சட்டை நன்றாகக் காய்ந்திருக்கிறது. மூன்றாவது பட்டன் இன்னும் ஒற்றை நூலில் தொங்குகிறது.